அண்ணன் வீட்டை விற்கப் போகிறார்: வழக்கு மட்டும் போதுமா, தடையாணையும் வேண்டுமா?

"சார், ஸ்டே வாங்க வேண்டும். புதன்கிழமைக்குள் வாங்க வேண்டும்."

சில மாதங்களுக்கு முன் ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம், அலுவலகத்தைப் பூட்டப் போகும் நேரத்தில் வந்த ஓர் அம்மா உட்காருவதற்கு முன்பே சொன்னது இது. ஐம்பதைத் தாண்டியவர். மஞ்சள் பையிலிருந்து ஒவ்வொன்றாக எடுத்து மேசையில் வைத்தார்: அப்பா பெயரில் இருந்த பழைய கிரயப் பத்திரம், வாரிசுச் சான்று, வீட்டு வரி ரசீதுகள், அண்ணன் பெயருக்கு மாறிவிட்ட பட்டாவின் நகல். அப்பா தன் சம்பாத்தியத்தில் வாங்கிய மனை, கட்டிய வீடு. உயில் எழுதாமல் இறந்துவிட்டார். தாயார் அதற்கு முன்பே காலமாகிவிட்டார். இரண்டு அண்ணன்கள், இவர் ஒரே தங்கை. மூத்தவர் வீட்டை முழுதாக ஒருவருக்கு விலை பேசி, முன்பணமும் வாங்கிவிட்டார். தங்கைக்குத் தெரிய வந்தது பக்கத்து வீட்டார் சொல்லித்தான்.

இருபது ஆண்டுகளுக்கு மேலாகச் சிவில் வழக்குகள் நடத்தி வருகிறேன். மாதத்துக்கு ஒரு முறையாவது இதே கதை வேறு வேறு ஊர்ப் பெயர்களோடு என் மேசைக்கு வருகிறது. வருகிறவர்கள் எல்லோருக்கும் "ஸ்டே" என்ற ஒரு சொல்தான் தெரியும். அவர்கள் கேட்பது தடையாணை. சட்டத் தமிழில் உறுத்துக் கட்டளை என்றும் எழுதுவோம். ஸ்டே என்பது ஒரு தீர்ப்பையோ உத்தரவையோ நிறுத்தி வைப்பது. தடையாணை ஒரு மனிதரைப் பார்த்து "இதைச் செய்யாதே" என்று சொல்வது. விற்பனையைத் தடுக்க அது ஒன்றுதான் வழி என்பதும் இல்லை. சில குடும்பங்களுக்கு அது தேவையே இல்லை. சில குடும்பங்களுக்கு அது இல்லாமல் வழக்குப் போட்டும் பயனில்லை. எது யாருக்கு என்பதை அந்த அம்மாவிடம் விளக்கிய அதே வரிசையில் இங்கே எழுதுகிறேன்.

அவர் முதலில் கேட்டது, சார் பதிவாளரிடம் ஆட்சேபனை மனு கொடுத்தால் போதாதா என்றுதான். செலவு குறைவு, வக்கீல் தேவையில்லை, ஒப்புகைச் சீட்டும் கிடைக்கும். "மூலப் பத்திரமும் என் கையில்தானே இருக்கிறது, அவரால் எப்படி விற்க முடியும்?" என்றார். மூலப் பத்திரம் கையில் இருப்பது நல்லதுதான், ஆனால் அது ஒரு தடைக்கல் மட்டுமே. பத்திரம் காணாமல் போய்விட்டது என்று போலீசில் சான்று வாங்கி, நகலை வைத்துக் காரியத்தை முடித்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஆட்சேபனை மனுவின் பலமும் அவ்வளவுதான். பதிவுச் சட்டத்தில் தமிழ்நாடு 2022இல் கொண்டுவந்த 22-பி பிரிவு, போலி ஆவணம், சட்டம் தடுத்திருக்கும் மாற்றம், அதிகாரம் உள்ள அமைப்பு முடக்கி வைத்த சொத்து போன்றவற்றில் பதிவை மறுக்கச் சொல்கிறது. தங்கைக்குப் பங்கு இருக்கிறது என்ற தகராறு அந்தக் கூடைக்குள் சுலபமாக அடங்குவதில்லை. 2025 ஏப்ரலில் தமிழ்நாட்டுப் பதிவு விதிகளின் 55-ஏ விதியை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தபோது, எழுதிக் கொடுப்பவருக்கு உரிமை இருக்கிறதா என்று ஆராய்வது பதிவு அலுவலரின் வேலை அல்ல என்று திட்டவட்டமாகச் சொன்னது. வழக்கு நிலுவையில் இருக்கிறது என்பதற்காக மட்டும் பதிவை மறுக்க முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றமும் பல முறை கூறியிருக்கிறது.

ஆகவே மனுக் கொடுங்கள், ஆனால் அதை நம்பிப் படுத்துத் தூங்காதீர்கள். நாளிதழில் பொது அறிவிப்பு கொடுப்பதும் அப்படித்தான். அது வாங்க வருகிறவரை யோசிக்க வைக்கும். அவர் வாங்கியே தீருவேன் என்றால் தடுக்காது. என் அனுபவத்தில் இந்த இரண்டையும் விட வேலை செய்வது, வாங்கப் போகிறவரின் பெயரும் முகவரியும் தெரிந்தால் அவருக்கே நேராக ஒரு வக்கீல் நோட்டீஸ் அனுப்புவது. இருபது, முப்பது லட்சம் கொண்டு வருகிறவருக்கு வம்பு வேண்டாம் என்ற எண்ணம் இயல்பாகவே இருக்கும்.

இனி நீதிமன்றத்துக்குள் போகலாம். அந்த அம்மாவின் முன் இருந்த உண்மையான தேர்வு இரண்டு. பாகப்பிரிவினை வழக்கு மட்டும் போட்டுவிட்டு, சட்டம் தானாகத் தரும் பாதுகாப்பை நம்பி இருப்பது ஒன்று. அதே வழக்கோடு தற்காலிகத் தடையாணை மனுவும் போடுவது இன்னொன்று.

வழக்குப் போட்ட நிமிடமே கிடைப்பது

1882ஆம் ஆண்டுச் சொத்து மாற்றச் சட்டத்தின் 52ஆவது பிரிவை வாங்குகிறவர்களும் விற்கிறவர்களும் படித்திருந்தால் எங்கள் வேலை பாதியாகக் குறையும். அசையாச் சொத்தின் மீதான உரிமை நேரடியாகக் கேள்விக்குள்ளாகி இருக்கும் வழக்கு நடக்கும்போது, ஒரு தரப்பு அந்தச் சொத்தை விற்றால், அந்த விற்பனை எதிர்த் தரப்பின் உரிமையைப் பாதிக்காது. நீதிமன்றத்தின் அனுமதியோடு விற்றால் மட்டும் விதிவிலக்கு. இதற்குத் தனியாக எந்த உத்தரவும் வாங்க வேண்டியதில்லை. பிராது, அதாவது வழக்கு மனு, தாக்கல் செய்த நேரத்திலிருந்தே பாதுகாப்பு தொடங்கிவிடுகிறது. தீர்ப்பு வந்து, மேல்முறையீடு முடிந்து, தீர்ப்பாணை முழுதாக நிறைவேறும் வரை நீடிக்கிறது.

இதில் வாங்கியவருக்கு வழக்கு நடப்பது தெரியுமா தெரியாதா என்பது கணக்கே இல்லை. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: நல்லெண்ணத்தோடு, முழு விலை கொடுத்து, ஒன்றும் அறியாமல் வாங்கினேன் என்பது 52ஆவது பிரிவுக்கு முன் எடுபடாது. வழக்கில் கடைசியாக என்ன தீர்ப்போ அதுதான் அவருக்கும். அவரை வழக்கில் சேர்க்க வேண்டிய அவசியம்கூட வாதிக்கு இல்லை.

கேட்கும்போது இரும்புக் கதவு போலத் தெரிகிறது. ஆனால் 52ஆவது பிரிவு விற்பனையைத் தடுப்பதில்லை. பத்திரம் பதிவாகும், அண்ணன் கைக்குப் பணம் போகும், வாங்கியவர் குடியேறுவார். விற்பனை செல்லாது என்று அந்தப் பிரிவு சொல்லவில்லை. தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது என்று மட்டுமே சொல்கிறது. காகிதத்தில் தங்கையின் மூன்றில் ஒரு பங்கு அப்படியே இருக்கும். வீடு அப்படியே இருக்காது. வாங்கியவர் ஓட்டு வீட்டை இடித்துவிட்டு மாடி கட்டினால், மனையை மூன்றாக வெட்டி மூன்று பேருக்கு விற்றால், அவர்களில் ஒருவர் வங்கியில் அடமானம் வைத்தால், எட்டு ஆண்டு கழித்துத் தீர்ப்போடு போய் நிற்கும் தங்கையின் முன் எத்தனை பேர் நிற்பார்கள் என்று எண்ணிப் பாருங்கள். சட்டப்படி ஒவ்வொருவரையும் வெல்லலாம். ஒவ்வொருவரும் நிறைவேற்று மனுவில் ஆட்சேபனை போட்டு இரண்டு இரண்டு ஆண்டு இழுக்கலாம் என்பதும் உண்மை.

52ஆவது பிரிவு உரிமையைக் காக்கும், தடையாணை நிலத்தைக் காக்கும் என்று கட்சிக்காரர்களிடம் நான் சொல்வது இதனால்தான். எந்த இழப்பை உங்களால் தாங்க முடியும் என்பதைப் பொறுத்தது தேர்வு. வெறும் மனையாக இருந்து, நீங்களே அனுபவத்தில் இருந்து, வாங்க வருகிறவரும் ஊர்க்காரராக இருந்தால் 52ஆவது பிரிவே பெரும்பாலும் போதும். எதிர்த் தரப்பு உள்ளே இருந்து, கட்டடத்தை மாற்றவோ துண்டு போடவோ வாய்ப்பிருந்தால் போதாது.

இன்னொரு ஓட்டையும் இருக்கிறது. மகாராஷ்டிரத்திலும் குஜராத்திலும் 1939ஆம் ஆண்டின் பம்பாய்த் திருத்தம் காரணமாக, வழக்கு நிலுவை அறிவிப்பைப் பதிவு செய்தால்தான் 52ஆவது பிரிவு பலன் தரும். பதிவு செய்தால் வாங்க வருகிறவர் தேடும்போது கண்ணில் பட்டுவிடும். நம் பக்கம் வழக்குப் போட்டதாலேயே அது வில்லங்கச் சான்றில் தானாக ஏறிவிடுவதில்லை. முப்பது ஆண்டு வில்லங்கம் போட்டுப் பார்த்தும் சுத்தமாக இருக்கிறது என்று நம்பி வாங்கி, பிறகு வழக்கில் மாட்டிக்கொண்டவர்களின் கண்ணீருக்கு இதுதான் காரணம். தமிழ்நாட்டுப் பாகப்பிரிவினை வழக்கு ஒன்றில் 2010இல் உச்ச நீதிமன்றமே இந்தக் கொடுமையைச் சுட்டிக்காட்டி, மகாராஷ்டிர முறையை நாடெங்கும் கொண்டுவருவதைப் பரிசீலிக்கச் சொன்னது. அது நடந்திருந்தால் எத்தனையோ ஏழை வாங்குநர்கள் தப்பியிருப்பார்கள். இப்போதைக்கு, வீடு வாங்கப் போகிறவர் வில்லங்கச் சான்றோடு நிறுத்தாமல், இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் விற்பவர் பெயரையும் அவர் அப்பா பெயரையும் போட்டு, சொத்து இருக்கும் வட்டாரத்து நீதிமன்றங்கள் ஒவ்வொன்றிலும் தேடிப் பார்ப்பது நல்லது.

அதே 2010ஆம் ஆண்டுத் தீர்ப்பில் வாங்கியவருக்கு ஓர் ஆறுதலும் உண்டு. கூட்டுச் சொத்தில் ஒருவர் விற்ற பகுதி, பாகம் பிரிக்கும்போது அவர் பங்குக்கே விழுந்தால், அந்த அளவுக்கு விற்பனை நிற்கும். முடிந்தவரை அப்படி ஒதுக்கிக் கொடுக்கவும் நீதிமன்றம் முயலும். வாதிக்கும் இது தெரிந்திருக்க வேண்டும். அண்ணன் விற்றுவிட்டார் என்பதற்காக அவர் பங்கும் போய்விடாது.

தடையாணை: கிடைக்கும் வழியும் தவறும் இடங்களும்

உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 39ஆவது கட்டளை, 1ஆவது விதி: வழக்கிலுள்ள சொத்தை ஒரு தரப்பு பாழாக்கவோ சேதப்படுத்தவோ விற்கவோ போகும் ஆபத்து இருந்தால், நீதிமன்றம் தற்காலிகமாகத் தடுக்கலாம். நீதிபதி மூன்றைப் பார்ப்பார். மேலோட்டமாகப் பார்க்கும்போதே விசாரிக்கத் தகுந்த வழக்கு இருக்கிறதா? தடை கொடுத்தால் யாருக்குத் தொல்லை அதிகம், கொடுக்காவிட்டால் யாருக்கு அதிகம்? பிறகு பணத்தால் ஈடுகட்ட முடியாத நட்டம் வருமா? மூன்றும் வேண்டும். ஒன்று குறைந்தாலும் மனு தள்ளுபடி ஆகலாம்.

மூன்றாவதில்தான் பலர் சறுக்குகிறார்கள். "அம்மா, உங்களுக்குத்தான் 52ஆவது பிரிவு இருக்கிறதே, அவர் விற்றாலும் உங்கள் உரிமை போகாதே, பிறகு தடை எதற்கு?" என்று எதிர்த் தரப்பு வக்கீல் எழுந்து கேட்பார். கேட்டே தீருவார். இதற்குப் பதில் தயாராக இருக்க வேண்டும். ஓர் அறக்கட்டளையின் வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம், வழக்கு முடியும் வரை சொத்தின் தன்மை மாறக் கூடாது, விற்பதற்கும் கட்டுவதற்கும் விட்டுவிட்டுப் பின்னால் சிக்கலைப் பெருக்கக் கூடாது என்று கூறி, கீழ் நீதிமன்றங்கள் கொடுத்த அனுமதியை ரத்து செய்தது. 52ஆவது பிரிவு இருப்பதே தடையாணையை மறுக்கக் காரணம் ஆகாது என்பதை 2024 நவம்பரில் மீண்டும் உறுதிப்படுத்தியிருக்கிறது. ஆனால் தீர்ப்பைக் காட்டினால் மட்டும் போதாது. "இவர் விற்றால் வாங்குபவர் இடிப்பார், இதோ வீட்டின் புகைப்படம், துண்டு போடுவார், இதோ அளந்து கல் ஊன்றிய படம்" என்று நட்டத்தைக் கண்ணால் காட்ட வேண்டும். அந்த அம்மா தன் கைபேசியில் ஒரு படம் வைத்திருந்தார். வீட்டின் கொல்லைப்புறத்தில், அப்பா வைத்த மாமரத்தை ஒட்டி, வெள்ளைச் சுண்ணாம்பால் நீளமாக ஒரு கோடு. யாரோ மனையை இரண்டாகப் பிரித்து அளந்திருக்கிறார்கள். மனுவோடு இணைத்த ஆவணங்களில் அதைவிடப் பேசிய ஆவணம் எதுவும் இல்லை.

பத்திரம் அடுத்த புதன்கிழமை என்றால் எதிர்த் தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பிக் காத்திருக்க முடியாது. 3ஆவது விதி, தாமதத்தால் மனுவின் நோக்கமே கெட்டுவிடும் என்றால், காரணத்தை எழுதி, ஒருதலையாகவே உத்தரவு போட அனுமதிக்கிறது. அதற்கு விலை உண்டு. உத்தரவு கிடைத்த கையோடு மனு, உறுதிமொழிப் பத்திரம், பிராது, ஆவண நகல்கள் எல்லாவற்றையும் எதிர்த் தரப்புக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி, அனுப்பியதாக அன்றோ மறுநாளோ நீதிமன்றத்தில் உறுதிமொழிப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். இதைச் செய்ய மறந்து, நல்ல உத்தரவை இழந்தவர்கள் உண்டு. ஒருதலை உத்தரவு போட்டால் 30 நாட்களுக்குள் மனுவை விசாரித்து முடிக்க முயல வேண்டும் என்கிறது 3-ஏ விதி. வாய்தா மேல் வாய்தாவாக ஒருதலைத் தடை நீண்டுகொண்டே போனால், பாதிக்கப்பட்டவர் நேராக மேல்முறையீடு போகலாம் என்று தமிழ்நாட்டு வழக்கொன்றில் 2000இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

தடையை மீறி அண்ணன் விற்றுவிட்டால்? 2-ஏ விதிப்படி சொத்தை முடக்கலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். தடையை மீறிச் செய்ததைப் பழைய நிலைக்குக் கொண்டுவர நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 1975இலேயே சொல்லிவிட்டது. 52ஆவது பிரிவோடு ஒப்பிட்டால் பெரிய வேறுபாடு இதுதான். அங்கே விற்றவருக்குத் தண்டனை என்று எதுவும் இல்லை, இங்கே உண்டு. ஆனால் தண்டிக்க வேண்டுமென்றால் உத்தரவு அவருக்குத் தெரியும் என்று நிரூபிக்க வேண்டும். தபால் ஒப்புகை, நீதிமன்ற அமீனா (உத்தரவை நேரில் கொண்டுபோய்க் கொடுக்கும் ஊழியர்) சார்வு செய்த அறிக்கை, வாசலில் ஒட்டிய உத்தரவின் புகைப்படம் என எல்லாவற்றையும் சேர்த்து வையுங்கள். உத்தரவு நகலைச் சார் பதிவாளருக்கும் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். வெறும் ஆட்சேபனை மனுவைப் பார்க்கும் பார்வைக்கும் நீதிமன்ற முத்திரையைப் பார்க்கும் பார்வைக்கும் அந்த மேசையில் வேறுபாடு இருக்கிறது.

தடையாணை தவறிப்போகும் இடங்கள் மூன்றை நான் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன்.

ஒன்று, தபசில், அதாவது மனுவில் வரும் சொத்து விவரம். ஒரு குடும்பம் என்னிடம் வருவதற்கு முன்பே வேறோர் இடத்தில் தடையாணை வாங்கியிருந்தது. உட்பிரிவு ஆகும் முன் இருந்த பழைய சர்வே எண்ணைப் போட்டிருந்தார்கள். உட்பிரிவுக்குப் பின் சொத்து வேறு எண்ணில் இருந்தது. எதிர்த் தரப்பு புதிய எண்ணில் பத்திரம் எழுதி விற்றுவிட்டு, "தடை இருக்கும் சொத்தை நான் விற்கவில்லையே" என்று நின்றது. நான்கு எல்லைகளும் பொருந்துவதைக் காட்டி மீள்வதற்கு ஆண்டுகள் ஆயின. பழைய எண், புதிய எண், நான்கெல்லை, நகர நில அளவை எண் இருந்தால் அதுவும், அளவு, கதவு எண் எல்லாம் தபசிலில் இருக்கட்டும். 52ஆவது பிரிவின் பாதுகாப்பும் தபசிலைத்தான் பார்த்து வரும்.

இரண்டாவது, தடை யாருக்கு எதிராக என்பது. தடையாணை மனிதரைக் கட்டும், மண்ணைக் கட்டாது. அண்ணனை மட்டும் பிரதிவாதி ஆக்கினால், முன்பணம் கொடுத்திருப்பவரும் பவர் வாங்கியிருப்பவரும் உத்தரவுக்கு வெளியே நிற்கலாம். பெயர் தெரிந்தால் அவர்களையும் சேருங்கள்.

மூன்றாவது, பேராசை. கூட்டு உரிமையாளர் ஒருவர் தன் பிரிபடாத பங்கை விற்கச் சட்டத்தில் உரிமை உள்ளவர். "அண்ணன் எதையும் விற்கவே கூடாது" என்று கேட்டால், "அவர் பங்கை அவர் விற்பதை எப்படித் தடுப்பது?" என்று நீதிபதி கேட்பார், நியாயமாகவே. "முழு வீட்டையோ, குறிப்பிட்ட எந்தப் பகுதியையுமோ விற்கக் கூடாது, கட்டடத்தின் தன்மையை மாற்றக் கூடாது" என்று கேட்பது நிற்கும். இன்னொரு பிழையும் இதோடு சேர்ந்தது. உரிமையே தகராறில் இருக்கும்போது உரிமை விளம்புகையோ (உரிமை இவருடையது என்று நீதிமன்றம் அறிவிப்பது) பாகமோ கேட்காமல் வெறும் தடை வழக்கு மட்டும் போடுவது. கட்டணம் குறைவு என்று பலர் இந்தப் பக்கம் சாய்கிறார்கள். உரிமையின் மீது நிழல் விழுந்திருந்தால் விளம்புகையும் கேட்டாக வேண்டும் என்று 2008இலேயே உச்ச நீதிமன்றம் வகுத்துவிட்டது. தமிழ்நாட்டில் மதிப்பின் மீதான நீதிமன்றக் கட்டணம் 2017இல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்தது. கூட்டு அனுபவத்தில் இருப்பவர் பாகம் கேட்டால் நிலையான சிறு தொகைதான். வெளியேற்றப்பட்டவர் என்றால் தன் பங்கின் மதிப்பில் 3 சதவீதம். அந்த அம்மாவின் பெட்டியும் பழைய தையல் இயந்திரமும் இன்னும் அந்த வீட்டின் ஓர் அறையில் இருந்தன, சாவி அவரிடம் இருந்தது. அந்தச் சாவி அவருக்குக் கட்டணத்திலும் உதவியது, வழக்கிலும் உதவியது.

எதிர்த் தரப்பில் உட்கார்ந்து பார்த்தால்

தடையாணையால் நியாயமானவர்கள் நசுங்குவதையும் பார்த்திருக்கிறேன். அப்பாவின் அறுவை சிகிச்சைக்காக விற்க வேண்டிய காணியை, ஒரு பங்காளி ஏதோ பழைய கோபத்தில் வழக்குப் போட்டு முடக்கிவைத்த கொடுமை என் கண் முன் நடந்தது. அப்படி மாட்டிக்கொண்டவர்களுக்கும் வழி உண்டு. வழக்கு வரும் என்று முன்கூட்டியே தெரிந்தால் 148-ஏ பிரிவின் கீழ் கேவியட் மனு போடுங்கள். 90 நாட்களுக்கு உங்களைக் கேட்காமல் உத்தரவு போக வாய்ப்பில்லை. பொய் சொல்லியோ உண்மையை மறைத்தோ ஒருதலை உத்தரவு வாங்கியிருந்தால் 39ஆவது கட்டளை 4ஆவது விதியில் ரத்துக் கேட்கலாம். போதிய காரணமின்றித் தடை வாங்கியவரிடமிருந்து 95ஆவது பிரிவில் 50,000 ரூபாய் வரை இழப்பீடு உண்டு. இன்றைய மனை விலைக்கு அது ஒன்றுமே இல்லை. இந்தத் தொகையை உயர்த்த வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். விற்றே ஆக வேண்டிய அவசரம் உண்மையானது என்றால், விற்க அனுமதி கேளுங்கள். சர்ச்சையில் இருக்கும் பங்கின் தொகையை நீதிமன்றத்தில் செலுத்துகிறேன் என்று சொல்லுங்கள். 52ஆவது பிரிவே நீதிமன்ற அனுமதிக்கு இடம் விட்டிருக்கிறது. இந்தக் கதவை ஏன் இவ்வளவு குறைவாகத் தட்டுகிறார்கள் என்று எனக்குப் புரிவதே இல்லை.

இரண்டு தரப்புக்கும் நடுவில் இன்னொரு வழியும் இருக்கிறது. வழக்கு முடியும் வரை விற்க மாட்டேன், மாற்ற மாட்டேன் என்று பிரதிவாதி நீதிமன்றத்தில் உறுதிமொழி கொடுப்பது. வாதிக்குத் தடையின் பலன் ஏறக்குறைய கிடைக்கும், மீறினால் நடவடிக்கையும் உண்டு. பிரதிவாதிக்குத் தன் மேல் தடை உத்தரவு விழுந்தது என்ற மனக் கசப்பு இல்லை. அண்ணன் தங்கை வழக்குகளில் இந்தக் கசப்பு சிறிய விஷயம் அல்ல. பெண் கல்யாணத்துக்குத் தாய்மாமன் வர வேண்டிய குடும்பத்தில், காகிதத்தில் என்ன எழுதப்பட்டது என்பது பல ஆண்டு நிற்கும். உறுதிமொழி தெளிவாக எழுதப்பட்டிருந்தால், தடைக்காகப் பிடிவாதம் பிடிக்க வேண்டாம் என்றே சொல்வேன்.

வாங்கிக்கொள்ளும் உரிமை பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் யாரும் கேட்பதில்லை. உயிலின்றி இறந்த இந்துவின் சொத்து, மகன், மகள் போன்ற முதல் வகை வாரிசுகள் பலருக்குப் போகும்போது, ஒருவர் தன் பங்கை விற்க முற்பட்டால், மற்ற வாரிசுகளுக்கு அதை வாங்க முன்னுரிமை உண்டு. இது இந்து வாரிசுரிமைச் சட்டம், 22ஆவது பிரிவு. விலையில் ஒத்துவராவிட்டால் நீதிமன்றம் நிர்ணயிக்கும். விவசாய நிலத்துக்கும் இது பொருந்தும் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. பங்கு வெளியாருக்குப் போயே விட்டாலும், அது குடும்பம் குடியிருக்கும் வீடாக இருந்தால், வாங்கியவர் உள்ளே வந்து கூட்டாகக் குடியிருக்க உரிமை இல்லை. அவர் பாகம் கேட்டு வழக்குப் போட்டால், 1893ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் 4ஆவது பிரிவில் நீதிமன்றம் குறிக்கும் மதிப்புக்கு அந்தப் பங்கைக் குடும்பத்தினரே வாங்கிக்கொள்ளலாம். பணம் புரட்ட முடிந்தவர்களுக்கு, வருடக்கணக்காகத் தடையைக் காத்துக்கொண்டிருப்பதைவிட இது நல்ல வழி.

சனி, ஞாயிறு இரண்டு நாளும் உட்கார்ந்து பிராது எழுதினோம். தபசிலை மட்டும் நான்கு முறை சரி பார்த்தேன். அந்த அம்மாவுக்கு நான் சொன்ன யோசனை: பாகப்பிரிவினை வழக்கு, அதோடு தடையாணை மனு, வாங்கப் போகிறவர் இரண்டாம் பிரதிவாதி, சின்ன அண்ணன் மூன்றாம் பிரதிவாதி. 52ஆவது பிரிவு போதாது என்று முடிவு செய்ய வைத்தது சுண்ணாம்புக் கோடுதான். திங்கட்கிழமை தாக்கல், செவ்வாய் மதியம் ஒருதலைத் தடை. அன்று மாலையே பதிவுத் தபாலில் நகல்கள் போயின. அவர் தன் மருமகனோடு பஸ் ஏறிப் போய், வாங்கப் போகிறவர் வீட்டு வாசலில் உத்தரவைக் கையில் கொடுத்தார். அவர் வாசித்துவிட்டு, "உங்களுக்குப் பங்கு இருப்பதை என்னிடம் சொல்லவே இல்லையம்மா" என்றாராம். புதன்கிழமை சார் பதிவாளர் அலுவலகத்துக்கு யாரும் வரவில்லை.

மூத்த அண்ணன் மூன்றாவது வாய்தாவில் வந்தார். விற்க மாட்டேன் என்று உறுதிமொழி கொடுத்தார். தடை மனு அதோடு முடிந்தது. இப்போது வழக்கு சமரச மையத்தில் இருக்கிறது. சமரசமானால் கட்டிய நீதிமன்றக் கட்டணம் திரும்பக் கிடைக்கும் என்று சொன்னபோது அண்ணன், தங்கை இரண்டு பேருமே நிமிர்ந்து பார்த்தார்கள். சின்ன அண்ணன் தன் பங்கைத் தங்கைக்கே கொடுக்கச் சம்மதித்திருக்கிறார். விலையில் இன்னும் இரண்டு லட்சம் இடைவெளி இருக்கிறது.